நேயர், ரசிகர், விசிலடிச்சான் குஞ்சு

1

"பொன்னியின் செல்வன் படிச்சிருக்கியா?"

எம்.ஏ. தமிழ் சேர்ந்த முதல் வாரம் வகுப்பில் என்னிடம் கேட்கப்பட்ட கேள்வி இது. எந்த ஊர், எந்தத் தெரு என்று நேராகக் கேட்பது நாகரிகமில்லை என்று பழகியவர்கள் புத்தகத்தின் வழியாகக் கேட்பார்கள். படிச்சிருக்கேன் என்றேன். "யாரைப் பிடிக்கும்? வந்தியத்தேவனா, அருள்மொழியா?" மந்தாகினியை என்றேன். ஒரு நிமிஷம் யாரும் பேசவில்லை. "ஊமை ராணியா? அதுல என்ன இருக்கு?" என்று ஒருத்தி சிரித்தாள். "நீ கதையை ரசிக்கவே இல்ல போல" என்றாள் இன்னொருத்தி.

அந்த ‘ரசிக்கவே இல்ல’ இத்தனை வருஷமாக எனக்குள் கிடந்து உறுத்துகிறது. 2022 செப்டம்பர் 30 அன்று மணிரத்னத்தின் படம் முதல் பாகமும், 2023 ஏப்ரல் 28 அன்று இரண்டாம் பாகமும் வந்த பிறகு, கல்கியின் ரசிகர் யார், உண்மையான ரசிகர் யார், படம் பார்த்துவிட்டு வந்த போலி ரசிகர் யார் என்றெல்லாம் பேச்சு கிளம்பியது. அப்போது அந்த உறுத்தல் மறுபடி தலைதூக்கியது. ஒரு நாவலாசிரியனை உயிராக நேசிக்கிற கூட்டத்துக்கு நம்மிடம் என்ன பெயர் இருக்கிறது? அந்தப் பெயருக்குள் யார் போகலாம்? இந்தக் கேள்வியை ஒதுக்கிவிட்டு கல்கியைப் பற்றிப் பேச என்னால் முடியாது.

நான் அந்த நாவலைப் படிப்பதற்கு முன்பே கேட்டிருந்தேன். என் அம்மா சொல்லித்தான். பட்டினப்பாக்கம் வாரியக் குடியிருப்பிலிருந்து சாந்தோம் நெடுஞ்சாலையைத் தாண்டி மயிலாப்பூருக்கு வீட்டு வேலைக்குப் போய்வந்தவர். ஒரு வீட்டில் மாமியின் மாமியாருக்குக் கண் தெரியாமல் போயிற்று. மாமி தினம் சாயங்காலம் கிழவிக்குப் பொன்னியின் செல்வனை வாய்விட்டு வாசித்தார். பத்திரிகையில் தொடராக வந்தபோது பக்கம் பக்கமாகக் கிழித்துச் சேர்த்து, மணியத்தின் படங்களோடு பைண்டு பண்ணி வைத்த பழைய தொகுதிகள். அம்மா அந்தப் பக்கம் உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருப்பார். வாசிப்பு அவருக்காக அல்ல. ஆனாலும் காது கேட்டது. ஐந்து பாகமும் கேட்டார். ராத்திரி வீட்டுக்கு வந்து படிக்கட்டில் உட்கார்ந்து எங்களுக்குச் சொன்னார். கடற்காற்று அடிக்கும், அடிக்கடி கரண்டு போகும், கதை மட்டும் நிற்காது. அவர் வைத்த பெயர் பொன்னியின் செல்வன் அல்ல. ‘ஊமச்சி கதை.’

முடிவு சொன்ன அன்றைக்கு அம்மா ஒன்று கேட்டார்: "ராஜா ஊட்டுப் புள்ளை குடிசையில வளந்தும் தங்கமா வருது. ஊமச்சி பெத்த புள்ளைங்க அரமனையில வளந்தும் கெட்டதாவே வருது. இன்னாடி ஞாயம் இது?"

ஐம்பது, அறுபது ஆண்டுக் காலப் பொன்னியின் செல்வன் ரசனைக் கட்டுரைகளில் இந்தக் கேள்வியை நான் பார்த்ததில்லை. கேட்டவர் எழுதப் படிக்கத் தெரியாதவர்.

2

சொற்களைப் பார்ப்போம்.

கல்கி தன் வாசகரை ‘நேயர்’ என்று அழைத்தார். நாவலின் தொடக்கத்திலேயே நேயர்களைத் தன் கற்பனை ஓடத்தில் ஏறச் சொல்லிக் கூப்பிடுகிறார். நேயம் உள்ளவர் நேயர். நல்ல சொல், மறுக்கவில்லை. ஆனால் ஓடம் என்றால் துடுப்பு உண்டு, துடுப்பு போடுகிற ஆளும் உண்டு. அந்த ஆள் நேயரா? ஓடத்தில் ஏறியவருக்கும் ஓட்டியவருக்கும் ஒரே சொல் கிடையாது. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். நாவலுக்குள் போகும்போது இது திரும்பி வரும்.

அடுத்த சொல் ‘ரசிகர்.’ ரசம் என்ற வடசொல்லிலிருந்து வந்தது. கச்சேரி மேடைக்கு முன்னால் தாளம் போட்டபடி உட்கார்ந்திருக்கிற ஆளிடமிருந்து இந்தச் சொல் இலக்கியத்துக்கு வருகிறது. கல்கியே ‘கர்நாடகம்’ என்ற பெயரில் ஆனந்த விகடனில் சங்கீத விமர்சனம் எழுதியவர். அவருடைய நண்பர் டி.கே. சிதம்பரநாத முதலியாருக்குப் பட்டமே ‘ரசிகமணி.’ கம்பனை எப்படி அனுபவிப்பது என்று வட்டத்தொட்டியில் கூடிப் பேசியவர்கள் அவர்கள். நான் அவர்களைக் கேலி செய்யவில்லை. பண்டிதர்களின் பொழிப்புரையிலிருந்து கவிதையை மீட்டது அந்த ரசனைதான். ஆனால் அந்தத் தொட்டியில் உட்கார இடம் யாருக்கு இருந்தது என்று கேட்காமல் ‘ரசனை’ பற்றிப் பேச முடியாது. ரசனை என்பது ஓய்வு நேரம், வீட்டில் புத்தகம், வாசிக்கச் சொல்லிக் கொடுத்த தாத்தா, இத்தனையும் சேர்ந்தது. இவை எதுவும் இல்லாதவரைப் பார்த்து ‘ரசிக்கத் தெரியாதவர்’ என்றால் அது ரசனையைப் பற்றிய தீர்ப்பா, பிறப்பைப் பற்றிய தீர்ப்பா?

இதே சொல் கடற்கரைக் குடியிருப்புக்கு வந்தபோது என்ன ஆயிற்று? ‘ரசிகர் மன்றம்’ ஆயிற்று. எங்கள் பிளாக் முனையில் எம்.ஜி.ஆர். மன்றம் இருந்தது. அந்த மன்றத்துப் பையன்களும் தங்களை ரசிகர் என்றுதான் சொல்லிக்கொண்டார்கள். ஆனால் படித்தவர்கள் அவர்களுக்கு வைத்த பெயர் வேறு: விசிலடிச்சான் குஞ்சுகள். ஒருவர் பைண்டு செய்த தொகுதியைப் பேரனுக்கு விட்டுப்போனால் அது பண்பாடு. இன்னொருவர் கட்-அவுட்டுக்கு மாலை போட்டால் அது வெறி. பிள்ளைக்கு அருள்மொழி என்றோ குந்தவை என்றோ பெயர் வைத்தால் தமிழ்ப்பற்று. ராமச்சந்திரன் என்று வைத்தால் சினிமாப் பைத்தியம். வீராணம் ஏரியிலிருந்து வந்தியத்தேவன் குதிரை போன வழியில் ஊர் ஊராகப் போவது வரலாற்று ஆர்வம். தலைவர் சமாதிக்கு லாரி ஏறி வருவது கும்பல்.

எம்.ஜி.ஆரை நேசித்த ஏழைகளை ஆராய்ந்து எம்.எஸ்.எஸ். பாண்டியன் 1992ல் ஆங்கிலத்தில் எழுதினார். தமிழில் ‘பிம்பச் சிறை’ என்று வந்தது. தேவையான புத்தகம். ஆனால் கல்கியை நேசித்தவர்களும் ஒரு பிம்பத்துக்குள் இருந்திருக்கலாம் என்று யாரும் அதே அளவுக்குத் தடிமனாக எழுதியதாக நான் அறியேன். சேரியின் பக்திதான் ஆராய்ச்சிப் பொருள். மாடவீதியின் பக்தி ரசனை. இத்தனைக்கும் இந்த இரண்டு கூட்டமும் அவ்வளவு தூரத்தில் இல்லை. பொன்னியின் செல்வனைப் படமாக்கப்போவதாக எம்.ஜி.ஆரே 1958ல் அறிவித்துப் பிறகு கைவிட்டார். அந்தப் படம் வந்திருந்தால் விசிலடித்தவனும் கல்கியின் ரசிகன்தானே?

3

இது தமிழ்நாட்டுக் கதை மட்டுமல்ல. இங்கிலாந்தில் ஜேன் ஆஸ்டின் என்ற நாவலாசிரியையின் பக்தர்களுக்கு ஒரு தனிப் பெயரே உண்டு: ‘ஜேனைட்’கள். 1894ல் ‘பிரைட் அண்ட் பிரெஜுடிஸ்’ நாவலின் பதிப்பு ஒன்றுக்கு முன்னுரை எழுதிய ஜார்ஜ் செயின்ட்ஸ்பரி அந்தச் சொல்லைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தார். கனவான்கள் தங்களுக்குத் தாங்களே சூட்டிக்கொண்ட செல்லப் பெயர்.

1924ல் கிப்ளிங் அந்தப் பெயரிலேயே ஒரு கதை எழுதினார். முதல் உலகப் போர்க்களம். பீரங்கிப் படை ஒன்றில் அதிகாரிகளுக்குச் சாப்பாடு பரிமாறுகிற ஒரு சிப்பாய். அதிகாரிகள் ‘ஜேன்’ ‘ஜேன்’ என்று பேசிக்கொள்வதைக் கேட்டு, அது ஏதோ ரகசியச் சங்கம் என்று நினைக்கிறான். உள்ளே நுழைய, காசு கொடுத்து சங்கேதச் சொல் கற்றுக்கொள்கிறான். நாவலைப் படிக்கிறான். மதிப்பு கூடுகிறது. கதையைக் கிப்ளிங் அன்போடுதான் எழுதுகிறார். எனக்கோ அதைப் படித்தபோது என் எம்.ஏ. முதல் வாரம் நினைவுக்கு வந்தது. பரிமாறுகிறவன் மேஜைப் பக்கம் போக வேண்டுமானால் எஜமானர்களின் நாவலைத் தெரிந்திருக்க வேண்டும். தெரிந்திருந்தாலும் அவர்கள் நேசிக்கிற மாதிரியே நேசிக்க வேண்டும். நான் சங்கேதச் சொல்லைச் சொன்னேன், ஆனால் தப்பான பாத்திரத்தின் பெயரைச் சொல்லிவிட்டேன்.

1993ல் எட்வர்ட் சயீத் ‘கல்ச்சர் அண்ட் இம்பீரியலிசம்’ நூலில் ஆஸ்டினின் ‘மான்ஸ்பீல்ட் பார்க்’ நாவலை எடுத்துக்கொண்டு ஒரு எளிய கேள்வி கேட்டார். அந்தப் பெரிய வீட்டுக்குக் காசு எங்கிருந்து வருகிறது? ஆன்டிகுவா தீவில் உள்ள தோட்டத்திலிருந்து. அங்கே உழைத்தவர்கள் அடிமைகள். நாவலில் அது ஓரிரு இடத்தில் தொட்டுவிட்டுப் போகிற செய்தி. பக்தர்கள் பலருக்குக் கோபம் வந்தது, அருமையான நாவலில் அரசியலைக் கொண்டுவந்து கொட்டுகிறார் என்று. சயீத் ஆஸ்டினைத் தூக்கி எறியச் சொல்லவில்லை. முழுசாகப் படியுங்கள் என்றார், அவ்வளவுதான். நானும் கல்கியை அப்படித்தான் கேட்கிறேன்.

4

மந்தாகினி யார்? கடற்கரையில் பிறந்தவள். பேசவும் கேட்கவும் முடியாதவள். இளவரசனாக இருந்த சுந்தர சோழன் ஈழத்துப் பக்கத் தீவு ஒன்றில் தனித்துக் கிடந்தபோது அவனைக் காத்து, காதலித்தவள். அவன் அரண்மனைக்குப் போனான், அவள் காட்டுக்கும் கடலுக்கும் திரும்பினாள். பிறகு பொன்னி நதியில் விழுந்த குழந்தை அருள்மொழியைத் தூக்கிக் காப்பாற்றியவள் அவள்தான். காவேரித் தாயே காப்பாற்றினாள் என்று அரண்மனை நம்பியது. அதனால்தான் குழந்தைக்குப் பொன்னியின் செல்வன் என்று பெயர். கடைசியில் சுந்தர சோழன்மீது எறியப்பட்ட வேலைத் தன்மேல் வாங்கிக்கொண்டு சாகிறாள்.

அதாவது, இந்த நாவலின் தலைப்பே ஒரு கரையோரப் பெண்ணின் கைச்செயல். அந்தப் பெருமை நதிக்குப் போய்விட்டது. அவள் வாய் திறந்து ‘நான்தான்’ என்று சொல்ல முடியாது. ஆசிரியர் அவளை ஊமையாகப் படைத்திருக்கிறார். உழைத்தவரின் பெயர் அழிந்து தெய்வத்தின் பெயர் நிலைப்பது நமக்குப் புதுசா?

இனி அம்மாவின் கேள்விக்கு வருவோம். செம்பியன் மாதேவிக்குப் பிறந்த குழந்தை இறந்துவிட்டது என்று நினைத்து, மந்தாகினியின் பிள்ளையை அந்த இடத்தில் வைத்துவிடுகிறார்கள். அந்தப் பிள்ளை மதுராந்தகன். சிவபக்தியில் ஊறிய ஒரு மகாராணி பக்கத்திலேயே வைத்து வளர்க்கிறாள். வளர்ந்து என்ன ஆகிறான்? ஆசைக்காரன், கோழை, சதிகாரர் கையில் பொம்மை. அவனோடு பிறந்த நந்தினி? அழகும் அறிவும் உள்ளவள், ஆனால் நஞ்சு. இந்தப் பக்கம், செத்துப்போனதாக நினைத்த ராஜகுழந்தை பிழைத்துக்கொள்கிறது. மந்தாகினியின் தங்கை, அவளும் ஊமை, பூத்தொடுத்துப் பிழைக்கிற குடிசையில் அதை வளர்க்கிறாள். அவன்தான் சேந்தன் அமுதன். பொய் தெரியாது, ஆசை கிடையாது, தேவாரம் பாடுவான். கடைசியில் அவன்தான் உண்மையான வாரிசு என்று தெரிகிறது, உத்தம சோழனாக முடிசூடுகிறான். ஓடக்காரப் பெண் பூங்குழலி அவனைக் கட்டியதால் ராணியாகிறாள்.

கணக்கைப் போட்டுப் பாருங்கள். அரண்மனை வளர்ப்பு கரையோர ரத்தத்தைத் திருத்தவில்லை. குடிசை வளர்ப்பு ராஜ ரத்தத்தைக் கெடுக்கவில்லை. வளர்ப்பல்ல, பிறப்பே குணம். இது வர்ணதர்மத்தின் பாலபாடம். கல்கி வேண்டுமென்றே சாதிப் பாடம் நடத்தினார் என்று நான் சொல்லவில்லை. குழந்தை மாறுவது உலகமெங்கும் கதைகளில் வருகிற உத்திதான். ஆனால் உத்தி எந்தப் பக்கம் சாய்கிறது என்பது ஆசிரியர் தேர்வு. பூங்குழலி தன் துடுப்பின் பலத்தாலேயே உயர்ந்திருக்கலாம். அமுதன் பூக்காரன் மகனாகவே இருந்து பெரியவனாகியிருக்கலாம். கதை அதை அனுமதிக்கவில்லை. பெரிய மனசு இருந்தால் பெரிய பிறப்பு இருந்தே தீர வேண்டும் என்று கடைசிப் பாகம் வரை தேடிக் கண்டுபிடிக்கிறது.

அந்தக் கடைசிப் பாகத்துக்குப் பெயர் ‘தியாக சிகரம்.’ சிம்மாசனத்தை விட்டுக்கொடுத்த அருள்மொழியின் தியாகம் சிகரம். உயிரைக் கொடுத்த ஊமச்சியின் தியாகம் அந்தச் சிகரத்துக்கு அடிவாரம்.

5

சில தோழர்கள் குறுக்கிடுவார்கள்: கல்கி காந்தியவாதி, விடுதலைப் போரில் சிறை போனவர், தீண்டாமையை எதிர்த்தவர். உண்மை. 1930களின் இறுதியில் அவர் எழுதிய ‘தியாக பூமி’யில் சம்பு சாஸ்திரி புயலில் தவித்த சேரி மக்களுக்கு அடைக்கலம் கொடுத்து ஊர்விலக்கம் ஆகிறார். 1939ல் படமாக வந்தது, வெள்ளைக்கார அரசு தடை செய்தது. அன்றைக்கு அது துணிச்சல்தான். ஆனால் அந்தக் கதையிலும் சேரி மக்கள் சாஸ்திரியின் நல்ல மனசைக் காட்ட வந்தவர்கள். அடைக்கலம் வாங்குகிறவர்கள். கதை அவர்களுடையதல்ல.

பொன்னியின் செல்வனில் அதுவும் இல்லை. மந்தாகினி, பூங்குழலி எல்லாம் கரையோரக் குடிகள், சேரிக்காரர்கள் அல்ல. இதைக் குழப்பிக்கொள்ளக் கூடாது. நாவல் இறங்கிவருகிற கடைசிப் படி அவர்கள். அதற்குக் கீழே உள்ள சேரியிலிருந்து பெயர் சொல்லும்படி ஒரு பாத்திரம் கிடையாது.

சோழநாட்டில் சேரி இல்லையா? ராஜராஜன் 1010ல் முடித்த தஞ்சைப் பெரிய கோயிலின் சுவரைப் படித்தால் தெரியும். கோயிலுக்கு விட்ட ஊர்களில் வரி நீக்கிய நிலங்களைக் கல்வெட்டு ஒவ்வொன்றாகச் சொல்கிறது: ஊர் நத்தம், குளம், ஊடறுத்துப் போகும் வாய்க்கால், பறைச்சேரி, கம்மாணசேரி, சுடுகாடு. சில இடத்தில் ‘தீண்டாச்சேரி’ என்றே வருகிறது. சேரி என்றால் அன்றைக்குக் குடியிருப்பு என்றுதான் பொருள், பார்ப்பனச் சேரியும் இருந்தது என்று விளக்கம் சொல்வார்கள். சரி. ‘தீண்டா’ என்ற சொல்லுக்கு என்ன விளக்கம் சொல்வார்கள்? இந்தக் கல்வெட்டுகளை ஹூல்ஷ் 1890களிலேயே அச்சில் கொண்டுவந்துவிட்டார். கல்கி நாவலைத் தொடங்கியது 1950ல்.

இன்னொரு கல்வெட்டு, உடையார்குடி. ஆதித்த கரிகாலனைக் கொன்ற துரோகிகளின் உறவினர் நிலத்தைப் பறித்த செய்தி. சோமன், ரவிதாசன், பரமேசுவரன் என்ற சகோதரர்கள். ரவிதாசனுக்குப் பஞ்சவன் பிரம்மாதிராஜன் என்ற பட்டம். பிராமண அதிகாரிகளுக்குத் தரப்பட்ட பட்டம் அது. நாவலில் ரவிதாசன் யார்? மந்திரவாதி, ஆந்தைக் குரலில் கத்துகிறவன், பாண்டியனின் ஆபத்துதவி. கல்வெட்டில் சபையில் இருந்தவன் நாவலில் காட்டுக்குப் போய்விட்டான். கற்பனைக்கு உரிமை உண்டு, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் கற்பனை எதைச் சேர்த்தது, எதை விட்டது என்று சொல்லிப் பார்க்க எனக்கும் உரிமை உண்டு.

அந்த உரிமைக்கு என்ன விலை என்று 2019 ஜூனில் பார்த்தோம். கும்பகோணம் அருகே திருப்பனந்தாளில் இயக்குநர் பா. ரஞ்சித், ராஜராஜன் காலம் எங்கள் மக்களுக்கு இருண்ட காலம், நிலம் பறிபோன காலம் என்ற பொருளில் பேசினார். வழக்குப் பதிவு செய்தார்கள். அவர் சொன்னதில் வரலாற்றாசிரியர்கள் விவாதிக்க வேண்டியது இருக்கலாம். விவாதித்தால் நல்லது. ஆனால் வந்தது விவாதமல்ல, கோபம். அந்தக் கோபம் கல்வெட்டைப் படித்து வந்ததா, தொடர்கதையைப் படித்து வந்ததா? ஒரு நாவலின் ராஜா கோயில் மூலவராகிவிட்டார். ரசிகர் பக்தராகிவிட்டார். பக்தர் முன்னால் கேள்வி கேட்பது குற்றம்.

எதிர்ப்பக்கத்திலிருந்தும் நமக்குத் துணை வரவில்லை. புதுமைப்பித்தன் ‘ரசமட்டம்’ என்ற பெயரில் கல்கியோடு மோதினார். க.நா.சு. போன்றவர்கள் கல்கியை வெகுஜன எழுத்து என்று ஒதுக்கினார்கள். அந்தச் சண்டை கலையின் தரம் பற்றியது. ரசிகரின் ரசனை மட்டமானது என்று இவர்கள் சொன்னார்கள். நாவலில் சேரி எங்கே என்று இவர்களும் கேட்கவில்லை. இலக்கியத்தை நம் பக்கமிருந்து படிக்க முடியும் என்ற தைரியம் ராஜ் கௌதமன் போன்றவர்கள் எழுதிய பிறகே எங்கள் தலைமுறைக்கு வந்தது.

6

பிறகு கல்கியின் நூல்கள் நாட்டுடைமை ஆயின. யார் வேண்டுமானாலும் அச்சிடலாம் என்று ஆனது. மலிவுப் பதிப்புகள் லஸ் பக்கம் நடைபாதைக்கு வந்தன. என் சொந்தப் பிரதி அப்படி வாங்கியதுதான். பரணில் பைண்டு செய்து கிடந்தது சட்டப்படி பொதுச்சொத்து ஆயிற்று. பொதுச்சொத்து ஆனபின் வாசிக்கும் முறை மட்டும் ஏன் தனிச்சொத்தாக இருக்க வேண்டும்?

அம்மா இப்போது வேலைக்குப் போவதில்லை. எங்கள் குடியிருப்பில் இருந்தவர்களும் சீனிவாசபுரத்தில் இருந்தவர்களும் பலர் கண்ணகி நகருக்கும் பெரும்பாக்கத்துக்கும் போய்விட்டார்கள். நகரத்தை விட்டு வெளியே தள்ளப்பட்டவர்களுக்குக் காவிய நாயகியின் பெயர் கிடைத்திருக்கிறது. படம் வந்தபோது அம்மாவை அழைத்துப் போனேன். இரண்டாம் பாகத்தில் ஊமச்சி வந்தபோதெல்லாம் நிமிர்ந்து உட்கார்ந்தார். வெளியே வந்து, "நல்லாதான் எடுத்துக்கிறான். ஆனா நம்ம மாமி படிச்ச மாதிரி வரல" என்றார். அதைவிடப் பெரிய கல்கி அபிமானியை எங்கே தேடுவேன்?

அவரை என்ன சொல்லி அழைப்பது? வாசகர் என்றால் எழுத்து தெரிய வேண்டும். ரசிகர் என்றால் கேள்வி கேட்கக் கூடாது. நேயர் என்றால் ஓடத்தில் இடம் வேண்டும். அவருக்கான சொல் தமிழில் ஏற்கெனவே இருக்கிறது. ‘கேட்டவர்.’ காதால் கேட்டதும் கேட்டல், வாயால் வினவியதும் கேட்டல். வள்ளுவர் கல்வி, கல்லாமைக்கு அடுத்து ‘கேள்வி’ என்று ஒரு அதிகாரமே வைத்தார். காதால் வரும் அறிவு அது. அந்த அறிவை வாயால் திருப்பிக் கேட்கிற உரிமையை நாம் சேர்த்துக்கொள்வோம்.

பொன்னியின் செல்வனைப் படிக்காதே என்று எந்தத் தோழருக்கும் நான் சொல்லமாட்டேன். படியுங்கள். நன்றாக எழுதியிருக்கிறார், ராத்தூக்கம் போகும். படித்துவிட்டு உங்கள் அம்மாவுக்கு, பாட்டிக்கு, பக்கத்து வீட்டுக்காரருக்கு வாய்விட்டுச் சொல்லுங்கள். முடித்ததும் அவர்கள் என்ன கேட்கிறார்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். நாம் எழுத வேண்டிய விமர்சனம் அங்கிருந்து தொடங்கட்டும்.